ஸ்டாம்ஃபோர்டு சாலையின் செங்கல் மாளிகை

சிங்கப்பூர் ஆறு கடலோடு கலக்கும் முகத்துவாரத்தில் ஒரு பெரும் பாறை இருந்தது. ஏறத்தாழப் பத்தடி உயரமுள்ள அப்பாறையில் ஐம்பது வரிகள் அளவில் எழுத்துகள் பொறிக்கப்பட்டிருந்தன. அவை எந்த மொழியின் எழுத்துகள் என்பதை இன்றளவும் எவரும் ஐயமற உரைத்ததில்லை. 1843 ஆம் ஆண்டு, முகத்துவாரத்தில் நடைபெற்ற கட்டுமானப் பணிக்கு இடையூறாக இருக்கிறதென்று கூறி, ஆங்கிலேயப் பொறியாளர்கள் அப்பாறையை வெடிமருந்து வைத்துத் தகர்த்து விட்டார்கள்.

இச்செயலைக் கண்டித்து எழுதிய பேனா ஒன்று அக்காலத்தில் சிங்கப்பூரில் இருந்தது. அது முன்ஷி அப்துல்லாஹ் அவர்களின் பேனா. மலாய் மொழியின் புதிய உரைநடைக்குத் தந்தை எனப் போற்றப்படும் அப்பெருமகனார், 'ஹிகாயத் அப்துல்லாஹ்' என்னும் தம் வரலாற்று நூலில் அப்பாறையின் அழிவை எண்ணி வருந்துகிறார். பழம்பொருள் ஒன்றை அழித்தவரால் அதனை மீண்டும் ஆக்கித் தர இயலாதே என்பது அவருடைய வருத்தத்தின் சாரம்.

இந்த அப்துல்லாஹ் நமக்கு அயலார் அல்லர். யமன் நாட்டிலிருந்து நாகூருக்கு வந்து, அங்கே சன்மார்க்கக் கல்வி புகட்டி, அவ்வூரிலேயே மணமுடித்து வாழ்ந்த ஷெய்கு அப்துல் காதிர் என்பார் அவருடைய முப்பாட்டனார். அவர்தம் மைந்தருள் ஒருவர் மலாக்காவுக்குச் சென்று, செய்கு மீரா லெப்பை என்பாரின் மகள் பெரியாச்சியை மணந்தார். அந்த வழியில் 1796 ஆம் ஆண்டு மலாக்காவில் பிறந்தவரே முன்ஷி அப்துல்லாஹ். குர்ஆனையும் அரபியையும் மலாயையும் கற்றதோடு, மலாக்கா வணிகர்களின் மொழியாயிருந்த தமிழையும் அவர் இளமையிலேயே கற்றார்.

தகர்க்கப்பட்ட பாறையின் துண்டு ஒன்று, கல்கத்தா வரை சென்று, பல்லாண்டுகளுக்குப் பின் மீண்டும் சிங்கப்பூருக்கே வந்து சேர்ந்தது. ஸ்டாம்ஃபோர்டு சாலையிலுள்ள அரும்பொருட் காட்சியகத்தில் அது இன்று வைக்கப்பட்டுள்ளது. அக்காட்சியகத்தின் அருகிலேதான் ஒரு காலத்தில் செங்கல்லாலான பெரியதொரு நூலகம் நின்றது. நாற்பத்து நான்கு ஆண்டுகள் அது மக்களுக்குக் கதவு திறந்து வைத்திருந்தது. அந்நூலகமும் பின்னர் இடையூறு எனக் கருதப்பட்டு இடிக்கப்பட்டது. அதன் வரலாற்றையே இக்கட்டுரையில் நாம் எடுத்துரைக்க விழைகிறோம்.

சந்தா கட்டியவர்களின் நூலகம்

சிங்கப்பூரின் நூலக வரலாறு ஒரு பள்ளிக்கூடத்தில் தொடங்குகிறது. சர் ஸ்டாம்ஃபோர்டு ராஃபிள்ஸ் 1823 ஆம் ஆண்டு 'சிங்கப்பூர் இன்ஸ்டிடியூஷன்' என்னும் கல்விச்சாலைக்கு அடிக்கல் நாட்டினார். கீழை நாட்டு மொழிகளையும் அங்கே கற்பிக்க வேண்டும், அம்மொழிகளின் நூல்களைத் திரட்ட வேண்டும் என்பது அவருடைய எண்ணமாயிருந்தது. ஆயின், அவர் பல்லாண்டு முயன்று சேகரித்த மலாய் ஏட்டுச் சுவடிகள், 1824 இல் அவர் தாயகம் திரும்பப் புறப்பட்ட 'ஃபேம்' என்னும் கப்பலோடு எரிந்து போயின. அச்சுவடிகளுள் பலவற்றைப் படியெடுக்கவும் தேடித் தரவும் உதவியவர் முன்ஷி அப்துல்லாஹ். அச்செய்தி கேட்டு அவர் துடித்த துடிப்பும் அவருடைய நூலில் பதிவாகியுள்ளது.

கல்விச்சாலை 1837 இல் இயங்கத் தொடங்கியபோது அதனுள் சிறியதொரு நூலகமும் அமைந்தது. 1845 இல் அதே கட்டடத்தில் 'சிங்கப்பூர் நூலகம்' என்ற பெயரில், பங்கு செலுத்தியவர்களுக்கும் சந்தா கட்டியவர்களுக்கும் உரிய நூலகம் ஒன்று உருவாயிற்று. 1874 இல் அரசு அதனை ஏற்று, காட்சியகத்தையும் இணைத்து 'ராஃபிள்ஸ் நூலகமும் காட்சியகமும்' எனப் பெயரிட்டது. 1887 ஆம் ஆண்டு அக்டோபர் 12 ஆம் நாள், ஸ்டாம்ஃபோர்டு சாலையில், குவிமாடத்தோடு கூடிய வெண்ணிறப் புதுமாளிகையில் அது குடியேறியது. விக்டோரியா பேரரசியார் அரியணையேறிய பொன்விழா ஆண்டு அது.

எனினும், அந்த நூலகம் யாருக்கு உரியதாயிருந்தது? சட்டம் எவரையும் தடுக்கவில்லை என்பது உண்மை. ஆனால் சந்தா கட்ட வல்லவரே நூலை வீட்டுக்கு எடுத்துச் செல்ல முடியும். அலமாரிகளில் இருந்தவையோ பெரும்பாலும் ஆங்கில நூல்கள். துறைமுகத்தில் மூட்டை சுமந்த மலபாரிக்கும், மார்க்கெட் தெருவில் நாணயம் மாற்றிய நம் மரைக்காயருக்கும், ரிக்‌ஷா இழுத்த சீனருக்கும் அம்மாளிகையில் என்ன வேலை? அவர்கள் அறிவற்றவர்கள் அல்லர். அவர்களுடைய மொழிகளுக்கு அங்கே அலமாரி இல்லை, அவ்வளவே.

அதே ஆண்டில் பிறந்த மற்றொன்று

அந்த 1887 ஆம் ஆண்டைப் பற்றி நம் மக்கள் பெருமிதத்தோடு அறிய வேண்டிய செய்தி ஒன்றுண்டு. பேரரசியாரின் பொன்விழாவையொட்டி, ஜூன் 27 ஆம் நாள், சிங்கப்பூரில் 'சிங்கை நேசன்' என்னும் தமிழ் வார இதழ் வெளிவந்தது. அதனை நடத்தியவர் சி. கு. மகுதூம் சாயபு அவர்கள். 1890 வரை வெளிவந்த அவ்விதழ், ஊர்ச் செய்தி, உலகச் செய்தி, கப்பல் செய்தி, செய்யுள், உரையாடல் எனப் பல பொருள்களையும் தாங்கி வந்தது. மேடைமொழியில் சொற்பொழிவு ஆற்றாமல், கடைத்தெருவில் நின்று பேசுவதுபோல் எழுதப்பட்ட அவருடைய 'வினோத சம்பாஷணை', சிங்கப்பூர்த் தமிழ்ப் புனைகதையின் தொடக்க முயற்சிகளுள் ஒன்றாக ஆய்வாளர்களால் கருதப்படுகிறது.

அதற்கும் பதினைந்து ஆண்டுகள் முன்னதாக, 1872 இல், முகம்மது அப்துல் காதிர்ப் புலவரின் 'முனாஜாத்துத் திரட்டு' சிங்கப்பூரில் அச்சாயிற்று. இன்று நமக்குக் கிடைத்துள்ளவற்றுள், சிங்கப்பூரில் அச்சான மிகப் பழைய தமிழ் நூல் அதுவே என்பர். அதாவது, அம்மண்ணில் தமிழ் அச்சேறிய வரலாற்றின் முதற்பக்கத்தில் இருப்பது இறைவனை இறைஞ்சும் ஒரு முஸ்லிம் புலவரின் பாடல்கள்.

ஒரே நகரில், ஒரே விழாவையொட்டி, இரண்டு அறிவுக் கருவிகள் தோன்றின. ஒன்று வெண்மாளிகையில் குடியேறிய ஆங்கில நூலகம். மற்றொன்று தமிழ் எழுத்துகளைக் கோத்து அச்சிட்ட ஏழை வார இதழ். மாளிகை நிலைத்தது, இதழ் மூன்றாண்டுகளில் நின்றது. சிங்கையில் அச்சான 'முனாஜாத்துத் திரட்'டின் படியொன்றைக் காண நம்மவர் லண்டனிலுள்ள பிரிட்டிஷ் நூலகத்தை நாட வேண்டியதாயிற்று. அச்சிடுவது ஒரு கடமையென்றால் காப்பது மற்றொரு கடமை. முதற்கடமையில் நம் முன்னோர் முந்தி நின்றார்கள். இரண்டாம் கடமையை வேறொருவர் செய்தார்.

போர்க்காலம்

1942 பிப்ரவரியில் சிங்கப்பூர் ஜப்பானியர் வசமாயிற்று. நகரில் உயிர்கள் கொன்று குவிக்கப்பட்ட கொடிய காலம் அது. அக்காலத்திலும் ராஃபிள்ஸ் நூலகம் அழியாமல் தப்பியது. தாவரவியல் அறிஞரான இ. ஜே. எச். கார்னர் என்னும் ஆங்கிலேயரும், தனகதாதே ஹிதேசோ என்னும் ஜப்பானியப் பேராசிரியரும், பின்னர் தொகுகவா என்னும் ஜப்பானியப் பிரபுவும் நூலகத்தையும் காட்சியகத்தையும் கொள்ளையினின்று காப்பதற்கு உழைத்தார்கள். கைவிடப்பட்ட வீடுகளிலிருந்தும் அலுவலகங்களிலிருந்தும் நூல்கள் திரட்டப்பட்டு அங்கே கொண்டுவந்து சேர்க்கப்பட்டன. 'சியோனான் நூலகம்' எனப் பெயர் மாறியது, நூல்கள் எஞ்சின.

பகைவராய் நின்ற இரு நாட்டு அறிஞர்கள், நூல்களின் பொருட்டு ஒன்றுபட்டார்கள் என்பதை நாம் மறத்தலாகாது. போர் காத்துக் கொடுத்ததை அமைதிக்காலம் எவ்வாறு நடத்தியது என்பதே இனி நாம் காணவிருப்பது.

ஒரு வள்ளலின் நிபந்தனை

போருக்குப் பின் வெண்மாளிகையில் இடம் போதவில்லை. நகர மக்களின் தொகை பெருகியது, பள்ளிகள் பெருகின, விடுதலை வேட்கையும் பெருகியது. 'எல்லோருக்கும் உரிய நூலகம் எங்கே?' என்னும் கேள்வி எழுந்தது.

இந்நிலையில் 1953 ஆம் ஆண்டு, லீ கொங் சியான் என்னும் சீனப் பெருவணிகர் 3,75,000 டாலர் நன்கொடை அளிக்க முன்வந்தார். சீனத்தின் ஃபூஜியான் மாநிலத்திலே 1893 இல் பிறந்து, சிறுவயதில் சிங்கப்பூருக்கு வந்து, ரப்பரிலும் அன்னாசியிலும் பெருஞ்செல்வம் ஈட்டியவர் அவர். நன்கொடை பெரிது, அதனினும் பெரியது அதனோடு அவர் விதித்த நிபந்தனை. நூலகம் எல்லோருக்கும் கட்டணமின்றித் திறந்திருக்க வேண்டும். நாட்டு மக்களின் தாய்மொழி நூல்களுக்கு அங்கே இடமளிக்கப்பட வேண்டும்.

இந்த நிபந்தனையை நாம் சற்று நின்று எண்ணிப் பார்க்க வேண்டும். சீனர் ஒருவர் தம் இனத்தாருக்கென்று மட்டும் நூலகம் கேட்டிருக்கலாம். தம் பெயரைக் கட்டடத்தின் நெற்றியில் பொறிக்கச் சொல்லியிருக்கலாம். அவர் கேட்டதோ, மலாய்க்காரரும் தமிழரும் சீனரும் தத்தம் மொழியில் படிக்கும் உரிமை. நம் மார்க்கத்தில் வக்ஃபு என்னும் அறக்கொடைக்கு ஓர் இலக்கணம் உண்டு. கொடுப்பவரின் நிபந்தனையே அக்கொடையின் உயிர். பொருள் தேயினும் அந்நோக்கம் தேயலாகாது. லீ அவர்களின் கொடையை வக்ஃபு என்று நாம் கூறவில்லை. ஆயினும் அதன் பண்பை உணர நம்மவர்க்கு அந்தச் சொல்லே பெரிதும் உதவுகிறது.

1957 ஆகஸ்டு 16 ஆம் நாள் லீ அவர்களே அடிக்கல் நாட்டினார். அதே ஆண்டு நிறைவேறிய சட்டத்தின்படி, 1958 ஏப்ரலிலிருந்து நூலகம் சந்தா முறையைக் கைவிட்டு, எல்லோருக்கும் இலவசமாயிற்று. 1960 நவம்பர் 12 ஆம் நாள் புதுக்கட்டடம் திறக்கப்பட்டது. திறந்து வைத்தவர், அந்நாளைய நாட்டுத் தலைவரும், 1965 இல் சிங்கப்பூரின் முதற் குடியரசுத் தலைவரானவருமான ஜனாப் யூசோஃப் இஷாக் அவர்கள். 1939 இல் ஜாவி எனப்படும் அரபு எழுத்தில் அச்சான 'உத்துசான் மலாயு' நாளிதழை நிறுவியவர்களுள் முதன்மையானவர் அவர். நூலகத்தின் கதவைத் திறந்த கரம், முன்பே பேனா பிடித்துப் பழகிய கரம் என்பது பொருத்தமாகவே அமைந்தது. அவ்வாண்டு முடிவதற்குள் 'ராஃபிள்ஸ்' என்னும் பெயர் நீங்கி, அது 'தேசிய நூலகம்' ஆயிற்று. ஹெட்விக் அனுவார் என்னும் உள்நாட்டுப் பெண்மணி அதே ஆண்டில் இயக்குநர் பொறுப்பேற்றார்; இடையில் சில ஆண்டுகள் நீங்கலாக, 1988 வரை அந்நூலகத்தை வழிநடத்தியவர் அவரே.

செங்கல் மாளிகையின் வாழ்வு

கட்டடம் செங்கற்களால் ஆனது, மேற்பூச்சு அற்றது. பொதுப்பணித் துறையின் கட்டடக் கலைஞர் லயனல் பின்ட்லி அதனை வரைந்தார். அருகில் குவிமாடத்தோடு நிற்கும் வெண்ணிறக் காட்சியகத்துக்கு இச்சிவப்பு பொருந்தவில்லை என்று அந்நாளிலேயே குறை கூறியோர் உண்டு. அழகுக்காக எவரும் அதனை நாடவில்லை என்பதை நாமும் ஒப்புக்கொள்ளலாம்.

ஆனால் மக்கள் நாடினார்கள். ஓரறை வீட்டில் ஏழெட்டுப் பேரோடு வாழ்ந்த மாணவனுக்கு, மின்விசிறியும் விளக்கும் மேசையும் அமைதியும் ஒருங்கே கிடைத்த இடம் அது ஒன்றுதான். தேர்வுக் காலங்களில் கதவு திறக்குமுன்பே மாணவர் கூட்டம் வாயிலில் காத்து நிற்கும். சிறுவர்க்கெனத் தனிப்பிரிவு இருந்தது. 1964 இல் தென்கிழக்காசிய ஆய்வுக்கெனத் தனி அறை திறக்கப்பட்டது. டான் யோக் சியோங் என்னும் அறிஞர் தம் வாழ்நாள் சேகரிப்பான 'யா யின் குவான்' நூல்தொகுப்பை அதற்கு வழங்கினார். சிங்கப்பூரில் அச்சாகும் நூல்களைச் சட்டப்படி பெற்றுப் பாதுகாக்கும் களஞ்சியமும் அதுவே. மகுதூம் சாயபு காலத்தில் இல்லாமற்போன அந்தக் காப்பகம், எழுபதாண்டுகளுக்கு மேல் கழித்தேனும் தமிழுக்குக் கிடைத்தது.

நம்மவரின் நிலையையும் இங்கே எண்ணிப் பார்க்கலாம். கடையநல்லூரிலிருந்து சென்று சிங்கையில் வாழ்ந்த உழைப்பாளிகள், தம் பிள்ளைகளுக்காக 1946 இல் ஒரு தமிழ்ப் பள்ளியை நிறுவினார்கள். சீறாப்புராணம் தந்த உமறுப் புலவரின் பெயரை அதற்குச் சூட்டினார்கள். பின்னாளில் உயர்நிலைப் பள்ளியாக வளர்ந்த அது, 1982 இல் மூடப்பட்ட போதிலும், தமிழ்மொழி நிலையமாக உமறுப் புலவரின் பெயர் தொடர்ந்தது. ஒருபுறம் நம்மவர் தம் வியர்வையில் பள்ளி அமைத்தனர். மறுபுறம் வேற்றினத்து வள்ளல் ஒருவரின் கொடையால், அப்பள்ளிப் பிள்ளைகளின் மொழிக்கு நாட்டின் தலைமை நூலகத்திலே அலமாரி கிடைத்தது. இவ்விரண்டும் சேர்ந்தே ஒரு தலைமுறை படித்தது.

1997 இல் கட்டடம் புதுப்பிக்கப்பட்டது. முற்றம் சீராக்கப்பட்டது. 'இனி இதற்கு நீண்ட வாழ்வுண்டு' என்றே மக்கள் எண்ணினார்கள்.

தீர்ப்பு

நூலகத்துக்குப் பின்னால் எழுந்து நிற்பது ஃபோர்ட் கேனிங் குன்று. பழைய மலாய் அரசர்களின் உறைவிடமாயிருந்ததென்று கூறப்படும் அக்குன்றில், இஸ்கந்தர் ஷாவின் பெயரால் வழங்கும் அடக்கத்தலம் ஒன்று இன்றும் உண்டு. அக்குன்றைக் குடைந்து வாகனங்களுக்குச் சுரங்கப் பாதை அமைக்க வேண்டுமென்பது எண்பதுகளின் இறுதியிலேயே தீட்டப்பட்ட நகரமைப்புத் திட்டம். சுரங்கத்தின் வழி நூலகத்தின் மேல் விழுந்தது. அதனோடு, நகர நடுவில் புதிய மேலாண்மைப் பல்கலைக்கழகத்தின் வளாகம் அமைக்கவும் முடிவாயிற்று.

1998 இன் பிற்பகுதியில் செய்தி பரவியபோது, சிங்கப்பூர் வழக்கமாகக் காணாத காட்சி ஒன்று நிகழ்ந்தது. மக்கள் நாளிதழ்களுக்கு மடல்மேல் மடல் எழுதினார்கள். 1999 மார்ச்சில் பல்கலைக்கழக வளாகம் குறித்துக் கூட்டப்பட்ட பொதுக்கூட்டத்தில், பேச வந்தவர்கள் பலரும் நூலகத்தைப் பற்றியே பேசினார்கள். தே கெங் சூன் என்னும் கட்டடக் கலைஞர் 2000 ஜனவரியில் ஒரு மாற்றுத் திட்டத்தையே வரைந்து வெளியிட்டார். சாலையின் போக்கையும் வளாகத்தின் அமைப்பையும் மாற்றினால் நூலகம் பிழைக்கும் என்பது அவர் வாதம்.

அதிகாரிகளின் வாதத்தையும் நாம் நேர்மையோடு கூறவேண்டும். நகரத்தின் போக்குவரத்து நெரிசல் பொய்யன்று. சிறிய தீவில் நிலம் அரிது. கட்டடக்கலைச் சிறப்புடையதாக அக்கட்டடம் மதிப்பிடப்படவில்லை. நூலகம் ஒழிக்கப்படவில்லை, இதனினும் பன்மடங்கு பெரிய மாளிகைக்கு மாற்றப்படுகிறது என்றும் அவர்கள் கூறினார்கள். 2000 மார்ச்சில், இடிப்பது உறுதி என அமைச்சர் மா பௌ டான் நாடாளுமன்றத்தில் அறிவித்தார்.

2004 மார்ச் 31 ஆம் நாள் நூலகம் இறுதியாகத் திறந்திருந்தது. அதன் பின் கட்டடம் இடிக்கப்பட்டது. ஏறத்தாழ 350 மீட்டர் நீளமுள்ள சுரங்கப் பாதை 2007 இல் திறக்கப்பட்டது. பழைய நூலகத்தின் வாயிலில் நின்ற இரு செங்கல் தூண்கள் மட்டும் பல்கலைக்கழக வளாகத்தின் அருகே விட்டுவைக்கப்பட்டன. செங்கற்களுள் ஏறத்தாழ ஐயாயிரம் எடுத்துச் செல்லப்பட்டு, விக்டோரியா தெருவில் எழுந்த புது நூலகத்தில் ஒரு சுவராக அடுக்கப்பட்டன.

பதினாறு மாடிகள் கொண்ட அப்புதிய நூலகம் 2005 ஜூலையில் திறக்கப்பட்டு, அதே ஆண்டு நவம்பர் 12 ஆம் நாள் முறைப்படி தொடங்கி வைக்கப்பட்டது. நாற்பத்தைந்து ஆண்டுகளுக்கு முன் செங்கல் மாளிகை திறக்கப்பட்டதும் அதே நவம்பர் 12 தான். லீ அவர்களின் அறநிறுவனம் இம்முறையும் 6 கோடி டாலர் வழங்கியது. ஆய்வு நூலகத்துக்கு லீ கொங் சியான் பெயரே சூட்டப்பட்டது.

இழந்தது என்ன?

நூலகங்களின் அழிவு என்றதும் நம் உள்ளம் 1258 இன் பக்தாதுக்குச் செல்லும்; 1981 இன் யாழ்ப்பாணத்துக்குச் செல்லும்; 1992 இன் சரயேவோவுக்குச் செல்லும். அங்கெல்லாம் பகை இருந்தது, தீ இருந்தது, நூல்கள் சாம்பலாயின. ஸ்டாம்ஃபோர்டு சாலையில் அவ்வாறு நிகழவில்லை. பகை இல்லை, ஒரு நூலும் எரியவில்லை, முன்னறிவிப்போடும் முறையோடும் எல்லாம் நடந்தது. நூல்கள் மேலும் சிறந்த இடத்துக்குச் சென்றன. லீ அவர்களின் நிபந்தனையும் மீறப்படவில்லை. புது மாளிகையிலும் கட்டணமில்லை, தமிழுக்கு இடமுண்டு. அவ்வாறாயின் மக்கள் எதற்காக வருந்தினார்கள்?

கட்டடம் என்பது செங்கல்லும் சுண்ணாம்பும் மட்டுமன்று, அது சான்று. தந்தைக்குக் கதவு மூடியிருந்த இடத்தில் மகனுக்குக் கதவு திறந்தது என்பதன் சான்று. அந்தப் படியில் கால் வைத்தவர் அதனைத் தம் பிள்ளைக்குக் காட்டி, 'இங்கேதான் நான் படித்தேன்' என்று கூறமுடியும். இப்போது அவர் காட்டுவதற்கு இரண்டு தூண்கள் இருக்கின்றன.

நாம் இவ்வரலாற்றை ஆராய்ந்தபோது ஒன்று தெளிவாயிற்று. நூலகம் குடியிருந்த மூன்று முக்கியமான கட்டடங்களின் கதியைப் பாருங்கள். அது பிறந்த ராஃபிள்ஸ் கல்விச்சாலை, பள்ளி 1972 இல் இடம்பெயர்ந்த பின் இடிக்கப்பட்டு, அவ்விடத்தில் 1986 இல் வணிக வளாகம் எழுந்தது. 1887 இன் வெண்மாளிகை, தேசிய அரும்பொருட் காட்சியகமாகச் சட்டத்தின் பாதுகாப்பில் வாழ்கிறது. 1960 இன் செங்கல் மாளிகை மறைந்தது. இவற்றுள் சட்டம் காத்தது, பேரரசியாரின் விழாவுக்காக எழுந்த, சந்தா கட்டியவர்களின் மாளிகையை. சட்டம் கைவிட்டது, சாமானியர்க்கென எழுந்த மாளிகையை. எவரும் திட்டமிட்டு இவ்வாறு செய்யவில்லை. குவிமாடத்தின் அழகு எல்லோர் கண்ணுக்கும் தெரிகிறது. சாதாரணச் செங்கற்சுவரின் பெருமையை, அதன் நிழலில் அமர்ந்து படித்தவர் மட்டுமே அறிவர்.

தெலுக் ஆயர் தெருவின் நாகூர் தர்காவும், சவுத் பிரிட்ஜ் சாலையின் ஜாமிஆ சூலியா பள்ளிவாசலும் 1974 இலேயே தேசிய நினைவுச் சின்னங்களாக அறிவிக்கப்பட்டன. அல்ஹம்துலில்லாஹ்! நூற்றைம்பது ஆண்டுப் பழமை அவற்றைக் காத்தது. ஆனால் நாற்பது, ஐம்பது வயதுக் கட்டடத்தின் நிலை இரங்கத்தக்கது. பழமையென்று போற்ற அது போதிய முதுமை அடைந்திருக்காது. புதுமையென்று மகிழ அதற்கு இளமையும் இராது. அந்த இடைப்பருவத்திலேதான் கடப்பாரை அதனை நாடி வருகிறது.

நம் ஊர்களில்

இது சிங்கப்பூருக்கு மட்டும் உரிய கதையன்று. நம் ஊர்களில் பாட்டனார் காலத்தில் எழுந்த மத்ரஸாக்கள், வாசகசாலைகள், படிப்பகங்கள் எத்தனை இன்று நிற்கின்றன? அவை கொழும்பிலும் பினாங்கிலும் ரங்கூனிலும் உழைத்தவர்கள் அனுப்பிய பணத்தில் எழுந்தவை. அரபுத் தமிழ்ச் சுவடிகளும், ஓரம் மஞ்சளித்த முனாஜாத்துகளும், பழைய மாத இதழ்த் தொகுப்புகளும் அங்கேதான் அடுக்கியிருந்தன.

நாம் சிறுவயதில் எழுத்துக்கூட்டிப் படித்த படிப்பகம் ஒன்று இருந்தது. பள்ளிவாசலை அடுத்து, ஓடு வேய்ந்த கூரையும் நீண்ட பெஞ்சு இரண்டும் கொண்டது. அஸர்த் தொழுகை முடிந்ததும் பெரியவர்கள் அங்கே நாளிதழ் படிப்பார்கள். நாங்கள் கீழே அமர்ந்து காத்திருப்போம். பிற்காலத்தில் அவ்விடத்தில் கடைகள் கட்டப்பட்டன. வாடகை வருவாய் பள்ளிக்கு வேண்டியிருந்தது என்பதும் மெய்யே. நூல்கள் என்னாயின என்று கேட்டோம். சாக்கு மூட்டைகளில் கட்டி வைத்ததாகக் கூறினார்கள். மழைக்காலம் ஒன்று கடந்தபின் அந்த மூட்டைகளைப் பற்றிப் பேச எவரும் விரும்பவில்லை. சிங்கப்பூர் கட்டடத்தை இடித்தது, நூல்களைக் காத்தது. நாமோ இரண்டையும் இழந்தோம். அன்று நாம் கேட்டதோடு நின்றுவிட்டோம். அந்த மூட்டைகளில் ஒன்றையேனும் தோளில் ஏற்றி வீட்டுக்குக் கொண்டு வந்திருக்கலாம். அந்தக் குறை இன்றும் நம் நெஞ்சைவிட்டு அகலவில்லை.

ஓதும்படி பணித்த கட்டளையே அண்ணல் நபி (ஸல்) அவர்களுக்கு அருளப்பெற்ற முதற் செய்தி. அத்தகைய மார்க்கத்தைச் சார்ந்த நாம், ஓதுவதற்கான இடத்தையும் ஓதப்படும் நூலையும் காப்பதில் பின்தங்கலாமா? எல்லாப் பழைய கட்டடங்களையும் காத்தே தீரவேண்டும் என்று நாம் வாதிடவில்லை. தேவைக்கு இடிப்பதும் உலக நடப்பே. ஆயின் இடிக்குமுன் மூன்று கேள்விகள் கேட்போம். இதனைக் கட்டியவர் என்ன நோக்கத்துக்காகக் கட்டினார்? அந்நோக்கம் வேறெங்கு தொடரப் போகிறது? உள்ளே இருக்கும் நூல்கள் யாருடைய பொறுப்பில், எந்த அலமாரிக்குச் செல்கின்றன? ஜமாஅத்தின் குறிப்பேட்டில் இம்மூன்றுக்கும் விடை எழுதிய பிறகு கடப்பாரையை எடுப்போம்.

சிங்கப்பூர்த் தமிழர்கள் 2015 இல், நாட்டின் ஐம்பதாம் விடுதலை ஆண்டையொட்டி, அரை நூற்றாண்டுச் சிங்கப்பூர்த் தமிழ் இலக்கிய நூல்களைத் திரட்டி மின்வடிவாக்கித் தேசிய நூலகத்தோடு இணைந்து உலகுக்கு வழங்கினார்கள். தொண்டர்கள் கூடிச் செய்த பணி அது. செங்கல் மாளிகையைக் காக்க இயலாத மக்கள், அம்மாளிகை எதற்காக எழுந்ததோ அந்த நோக்கத்தைக் காத்தார்கள் என்றே நாம் இதனைக் கொள்கிறோம். நம் ஊர் ஒவ்வொன்றிலும் நாலு இளைஞர்கள் கூடினால், வீட்டுப் பரணிலும் பள்ளிவாசல் அறையிலும் தூங்கும் பழைய நூல்களுக்குப் பட்டியல் ஒன்றேனும் எழுதிவிடலாம். அதற்குப் பெருநிதி வேண்டியதில்லை. ஒரு குறிப்பேடும் சில வெள்ளிக்கிழமை மாலைகளும் போதும்.

உடைந்த பாறைக்காக நூற்றெண்பது ஆண்டுகளுக்கு முன் வருந்திய நாகூர் வழித்தோன்றலின் நூல் இன்றும் நிலைத்திருக்கிறது. பாறையில் எழுதியவர் எவரென்று தெரியவில்லை. பாறையை உடைத்தவரையும் மக்கள் மறந்தனர். உடைந்ததை எழுதி வைத்தவரை உலகம் மறக்கவில்லை. நம் இடத்தில் நின்று நாம் செய்யக்கூடிய பணியும் அதுவே. அதற்குரிய நாட்டத்தையும் ஆற்றலையும் வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் நல்கி அருள்வானாக! ஆமீன்.